அடிக்கிறவன் வேடம்

பலெர்மோ
15.09.2024

அன்புள்ள தம்பி சிந்துவுக்கு,

அக்கா எழுதிக்கொள்வது. நானும் கேசிகாவும் அத்தானும் சுகம். உன் சுகத்துக்கு இந்த ஊர்ப் புனிதை சாந்தா ரொசாலியாவிடம் சொல்லியிருக்கிறேன். போன ஞாயிறு கேசிகாவையும் இழுத்துக்கொண்டு மலைக்கோவிலுக்கு நடந்தே ஏறினேன்.

தாளில் எழுதிய கடிதத்தைக் கண்டு சிரித்திருப்பாய். என் போனை அத்தானும் பார்ப்பார். நான் போடவேண்டிய பதிலைச் சில நேரம் அவரே போட்டுவிடுவார். குறையாகச் சொல்லவில்லை, இந்த வீட்டுப் பழக்கம் அது. தம்பியோடு கதைக்க எனக்கென்று ஒரு தாள் இருக்கட்டுமே என்று நினைத்தேன். பதிலை வீட்டுக்கு அனுப்பாதே. வியா மக்வேதாவுக்குப் பக்கத்தில் நான் வேலைக்குப் போகும் சிஞ்ஞோராவின் விலாசத்தைக் கீழே எழுதியிருக்கிறேன். எண்பது வயது மனுசி, நம்பலாம்.

கேசிகா முதலாம் வகுப்புத் தொடங்கிவிட்டாள். வீட்டில் வாய் திறக்காத பிள்ளை, அங்கே கோபம் வந்தால் மற்றப் பிள்ளைகளின் கையைப் பிடித்து முறுக்குகிறாளாம். ஆசிரியை என்னைக் கூப்பிட்டு, "வீட்டில் யாரிடம் பழகினாள்?" என்று கேட்டார். கார்ட்டூன் பார்த்து வந்த பழக்கம் என்று சொல்லிவிட்டு வந்தேன்.

ஆவணியில் படிக்கட்டில் விழுந்துவிட்டேன். விலாவில் நோவு. இப்போது மூச்சை ஆழ இழுத்தால் மட்டும்தான். என்னோடு வேலைக்கு வரும் மன்னார்க்காரி கிளறா அக்காவை உனக்குச் சொல்லியிருக்கிறேன், போர்கோ வெக்கியோவில் இருக்கிறா. அவவின் வாயை உனக்குத் தெரியாது. "உன்ரை வீட்டுப் படிக்கட்டிலை எத்தினை படியடி? மாசத்துக்கு ஒருக்கா விழுறாய். எண்ணி ஏறன்!" என்று எல்லாருக்கும் முன்னால் கேட்கிறா.

உனக்கு முதன்முதலாகப் பெரிய வேடம் கிடைத்திருக்கிறது என்று சின்னம்மா சொன்னா. என்ன வேடம்? விவரமாக எழுது. மேடையில் நீ அடிக்கடி விழுகிறாயே, எலும்பு முறியாமல் விழ ஒரு முறை இருக்கிறதாம். தெரிந்தால் அதையும் எழுது. இங்கே படிக்கட்டு எப்போதும் ஈரம்.

மாதா காவல்.
அக்கா நிரோசினி

*

வுப்பெற்றால்
29.09.2024

அன்பின் அக்காவுக்கு,

நான் நல்ல சுகம். உங்கள் விலா எப்படி? எக்ஸ்ரே எடுத்தீர்களா? அத்தானுக்கும் மருமகளுக்கும் என் அன்பு.

கடிதத்தை அரங்கின் வாசல்காவலர் முகர்ந்து பார்த்துவிட்டு, "உனக்கொரு ரசிகை, மசாலா வாசத்தோடு" என்று தந்தார். நான் மறுக்கவில்லை. ரசிகை இருக்கிறாள் என்று நினைக்கட்டும்.

என் தொழில்வாழ்க்கையை உங்களுக்கு ஒழுங்காகச் சொன்னதேயில்லை. நாடகப் பள்ளியில் மூன்றாம் முறைதான் எடுத்தார்கள். இந்த அரங்கில் சேர்ந்த முதல் வருசம் 'இரண்டாம் அகதி'. மறுவருசம் 'முதலாம் அகதி', அது பதவி உயர்வு. மூன்றாம் வருசம் பீட்சா கொண்டுவருகிறவன். போன வருசம் பிரேதம். நாற்பது நிமிடம் அசையாமல் கிடந்ததற்குத்தான் பத்திரிகையில் முதன்முறை என் பெயர் வந்தது.

இப்போது ரால்ப். லொறிச் சாரதி, பச்சை ஜெர்மன்காரன். மனைவியை அடிப்பான், கடைசிக் காட்சியில் கழுத்தை நெரித்துக் கொல்வான். என் நிறத்தைப் பற்றி ஒரு வசனம்கூட இல்லாத வேடம், அக்கா. இதற்குத்தான் இத்தனை வருசம் இருந்தேன்.

விழுவதற்கு: கையை ஊன்றாதீர்கள், மணிக்கட்டு முறியும். நாடியை நெஞ்சோடு ஒட்டுங்கள். மூச்சை விட்டுக்கொண்டே தொடை, இடுப்பு, தோள் என்று சதையுள்ள பக்கமாகச் சரியுங்கள்.

அடிக்கும் காட்சிகள் எல்லாம் கணக்கு. என் கை, மனைவியாக நடிக்கும் காறினின் கன்னத்துக்கு ஒரு சாண் தள்ளிப் போகும். சத்தத்தை அவள்தான் கீழே கையைத் தட்டி எழுப்புவாள். அடி வாங்குகிறவர்தான் அடியை நடத்துகிறவர். அவர் கண்ணால் சம்மதம் சொன்ன பிறகே அடிக்கிறவனின் கை புறப்படவேண்டும். அதுதான் எங்கள் சட்டம்.

ஆனால் நெறியாளருக்கு என்னைப் பிடிக்கவில்லை. "நீ ஆத்திரத்தைக் காட்டுகிறாய். ஆத்திரம் மலிவு. வீட்டில் அடிக்கிறவன் உன்னைப் போலக் கத்தமாட்டான்" என்கிறார். பின் எப்படி என்று கேட்டால், கண்டுபிடி என்கிறார். ஒரு மாதத்தில் முதற்காட்சி. நீங்கள் பல்கலைக்கழகத்தில் மெய்யியல் படித்தவர், ஆட்களைக் கூர்ந்து பார்க்கிறவர். அப்படி யாரையாவது கண்டிருக்கிறீர்களா?

அன்புத் தம்பி,
சிந்துஜன்

*

பலெர்மோ
20.10.2024

அன்புள்ள சிந்து,

சுகம், சுகமறிய ஆவல். பதில் பிந்திவிட்டது. வலது கண் வீங்கி எழுத்து இரண்டிரண்டாகத் தெரிந்தது. பள்ளிக்கூடத்தில் பரவும் கண்ணோய்தான், கேசிகாவுக்கு வரவில்லை.

நீ கேட்டதற்கு ஒரு வீட்டைச் சொல்கிறேன். கிளறா அக்காவுக்குத் தெரிந்த வீடு. பெயர் வேண்டாம்.

அவன் கத்தமாட்டான். கை மணிக்கூட்டைக் கழற்றுவான். கண்ணாடி கீழே உரசாதபடி திருப்பி மேசையில் வைப்பான். யன்னலைச் சாத்துவான். பிள்ளையிடம், "செல்லம், அறைக்குள்ளை போய்ப் படம் கீறுங்கோ" என்பான், நல்ல அன்பாக. பிள்ளை போய்விடும். அதற்கு இப்போது சொல்லவே தேவையில்லை, மணிக்கூட்டைப் பார்த்தே எழும்பிவிடும்.

முகத்தில் அடிக்கமாட்டான். தவறிப் பட்டுவிட்டால்தான் அவனுக்கு உண்மையான கோபம் வரும். "பார், என்னைக் கொண்டு என்ன செய்விச்சிட்டாய்" என்பான். அதற்குத் தனியாக அடி விழும். முதுகிலும் தொடையிலும். ஈரத் துவாயைக் கையில் சுற்றியிருப்பான். அவனுக்கு மூச்சு வாங்காது. இடையில் போன் வந்தால் எடுத்துச் சிரித்துக் கதைப்பான், ஓமோம், ஞாயிறு பாட்டுப் பயிற்சிக்கு வாறன் என்பான். வைத்துவிட்டுத் தொடங்குவான்.

முடிந்ததும் ஒரு தோடம்பழம் உரிப்பான். தோல் அறாமல் ஒரே சுருளாக வரும். நார் எல்லாம் எடுத்து ஒரு சுளையை அவளுடைய வாயில் வைப்பான். அவள் தின்னவேண்டும். தின்னாவிட்டால் முதலில் இருந்து.

இதற்கு மேல் எனக்குத் தெரியாது. கேட்டதைத்தான் எழுதுகிறேன்.

அடி வாங்குகிறவர் கண்ணால் சம்மதம் சொல்லவேண்டும் என்று எழுதியிருந்தாய். அந்த வரியை இரண்டு மூன்று தரம் வாசித்தேன். நல்ல தொழில் உன்னுடையது.

விழுகிற முறைக்கு நன்றி. உதவியாயிருக்கிறது.

அக்கா

*

வுப்பெற்றால்
20.11.2024

என் அன்பு அக்காவுக்கு,

சுகமாயிருக்கிறீர்கள்தானே? கண் மாறிவிட்டதா? எனக்கு நித்திரையே இல்லை, சந்தோசத்தில்.

முதற்காட்சியில் எழுநூறு பேர். மணிக்கூட்டைக் கழற்றி வைத்தேன். யன்னலைச் சாத்தினேன். அரங்கில் ஒரு இருமல்கூட இல்லை. துவாயைச் சுற்றத் தொடங்கியபோது மூன்றாம் வரிசையில் ஒரு பெண் எழுந்து வெளியே போனாள். நெறியாளர் அதைப் பார்த்து, மேடையில் நிற்கிற என்னைத் தட்டிக்கொடுப்பதாக நினைத்து, இருட்டுக்குள் தன் உதவியாளரின் முதுகில் தட்டினாராம்! தோடம்பழம் உரித்தபோது காறின் நிசமாகவே ஒரு அடி பின்வாங்கினாள். பிறகு ஒப்பனை அறையில், "இதை எங்கிருந்து எடுத்தாய்? இனி உன்னோடு தனியே காப்பி குடிக்கமாட்டேன்" என்றாள்.

பத்திரிகை எழுதியிருக்கிறது: "தோடம்பழத்தை உரிக்கும் அந்த நிதானத்துக்காகவே இந்த நடிகனை நினைவில் வைத்திருப்போம்." அக்கா, அது உங்களுடைய தோடம்பழம். அந்த வீட்டுக்காரனைக் கண்டால் நான் ஒரு போத்தல் வாங்கிக் கொடுக்கவேண்டும்.

நத்தாருக்கு ஐந்து நாள் விடுமுறை. அத்தான் போனில் கூப்பிட்டார், "மச்சான், வந்து எங்கடை வீட்டிலை நிக்காட்டி நடக்கிறதே வேறை" என்று. டிசம்பர் 23 வருகிறேன். அந்த வீட்டைப் பற்றி இன்னும் ஏதாவது தெரிந்தால் எழுதுங்கள். கழுத்தை நெரிக்கிற இடம்தான் இன்னும் சரிவரவில்லை.

உங்கள் நடிகன்,
சிந்து

*

பலெர்மோ
08.12.2024

அன்புள்ள தம்பிக்கு,

நாங்கள் சுகம். நீ வருவதில் கேசிகாவுக்குக் கால் நிலத்தில் இல்லை.

கழுத்தைப் பற்றி எனக்குத் தெரியாது. அதுவரைக்கும் போகவில்லை, அந்த வீட்டில்.

வரும்போது அத்தானுக்கு நல்ல சேட் ஒன்று கொண்டுவா, கழுத்து 16. எனக்கு ஒன்றும் வேண்டாம். கடிதத்தைப் பற்றி வீட்டில் ஒரு சொல்லும் கதைக்காதே. என்னைக் கண்டவுடன் ஜெர்மன்காரர் போல் இறுக்கிக் கட்டிப்பிடிக்காதே, முதுகுப் பிடிப்பு இன்னும் இருக்கிறது. அத்தான் பகிடி விட்டால் சிரி. நான் சிரிக்கவேண்டிய இடத்தில் நீ பகிடி விடாதே. இதெல்லாம் ஏன் என்று கேட்காமல் செய்.

நீ வந்தால் எனக்குப் போதும். உண்மையாகவே போதும்.

அக்கா

*

வுப்பெற்றால்
19.01.2025

அன்பின் அக்காவுக்கு,

பத்திரமாக வந்து சேர்ந்தேன். இங்கே பனி. உடனே எழுத நினைத்தேன், ஒத்திகைகள் விடவில்லை. நீங்கள் அனைவரும் நலம்தானே?

பிரியாணிக்கும் கணவாய்க் கறிக்கும் நன்றி. பல்லரோச் சந்தையில் அத்தான் வாள்மீனின் தலையைப் பிடித்துக்கொண்டு எடுத்த படத்தைச் சின்னம்மா சட்டம் போட்டு வைத்திருக்கிறா. நத்தார்ப் பூசையில் அத்தானின் குரல் உண்மையிலேயே நல்ல குரல். மருமகள் எனக்குக் கீறித் தந்த படம் கண்ணாடிக்குப் பக்கத்தில் ஒட்டியிருக்கிறது.

ஒரு சேதி. ஜனவரி நாலாம் தேதி காட்சிக்குப் பெர்லினில் இருந்து நாடக விழாத் தெரிவாளர்கள் வந்திருந்தார்கள். எங்களைத் தெரிவுசெய்துவிட்டார்கள். மே 14ஆம் தேதி பெர்லினில் ஆடுகிறோம். நாடு முழுவதிலும் இருந்து நெறியாளர்கள் பார்க்க வருவார்கள். இந்த ஒரு காட்சியோடு சிலருடைய வாழ்க்கையே மாறியிருக்கிறது. விழாவுக்கென்று இரண்டு நிமிட விளம்பரக் காணொளியும் எடுக்கிறார்கள்.

வேறென்ன. படிக்கட்டில் கவனம்.

சிந்து

*

பலெர்மோ, போர்கோ வெக்கியோ
09.03.2025

தம்பி சிந்துஜனுக்கு,

இது கிளறா எழுதுகிறேன். நத்தாரில் நீர் கண்ட அதே கிளறாதான், உமக்கு மீன் வெட்டித் தந்தவள். உம்முடைய அக்காவால் எழுத முடியாது, கட்டிலில் இருந்து சொல்லுகிறாள். சுகமா என்று முதலில் கேட்கச் சொல்லுகிறாள். கேட்டுவிட்டேன்.

அவள் சொல்வது: உன் நாடக விளம்பரத்தை ஜெர்மனியில் யாரோ "எங்கடை பெடியன்" என்று முகநூலில் போட்டிருக்கிறார்கள். அது சுற்றிச் சுற்றி இங்கே கோவில் பாட்டுக் குழுவுக்கும் வந்துவிட்டது. சனிக்கிழமை, முதலாம் தேதி, மத்தியானச் சாப்பாட்டுக்கு முன் அத்தான் மேசையில் வைத்துப் பார்த்தார். நீ மணிக்கூட்டைக் கழற்றினாய். யன்னலைச் சாத்தினாய். துவாய். தோடம்பழம். இரண்டாம் தரமும் பார்த்தார். மூன்றாம் தரம் என்னைப் பக்கத்தில் இருத்திப் பார்த்தார். "என்னை ஊருக்கு நாடகம் போட்டுக் காட்டினியோடி?" என்று கேட்டார், மெல்லமாகத்தான்.

இந்த முறை மணிக்கூட்டைக் கழற்றவில்லை.

(இனி அவள் அழுகிறாள், நான் எழுதுகிறேன். இவளின் புருசன் சுரேஸ் அவளுடைய வலது கையைக் குசினிக் கதவுக்கும் நிலைக்கும் இடையில் வைத்துக் கதவைச் சாத்தினான். இரண்டு தரம். எழுதின கை இதுதானே என்று கேட்டுச் சாத்தினான். பிறகு கழுத்து. பிள்ளை அறைக்குள் போகாமல் வந்து அவன் தொடையில் கடித்தது. அதைத் தூக்கிச் சுவரில் எறிந்தான். தலையில் நாலு தையல், இப்போது சுகம். இவள் அந்த இடைக்குள் பிள்ளையை இடக்கையில் அள்ளிக்கொண்டு செருப்பில்லாமல் பல்லரோவுக்குள் ஓடியிருக்கிறாள். மீன்காரர் மறித்துப் பிடித்துக்கொண்டுபோய் ஆஸ்பத்திரியில் விட்டார்கள். நான் போனபோது டாக்டர் கேட்கிறார், எப்படி நடந்தது என்று. இவள் என்னைப் பார்க்கிறாள். நான் சொன்னேன், "படிக்கட்டெண்டு சொன்னியோ, மற்றக் கையை நான் முறிப்பன்." அப்போதுதான் வாய் திறந்தாள்.)

அவள் சொல்வது: பொலிசில் முறைப்பாடு எழுதியாயிற்று. அத்தானை வீட்டுக்குக் கிட்ட வரக்கூடாது என்று தற்காலிகமாகத் தடுத்திருக்கிறார்கள். நானும் கேசிகாவும் கிளறா அக்காவோடு. கையை ஊன்றாதே என்று எழுதியிருந்தாய். நான் ஊன்றவில்லை, சிந்து.

(தம்பி, இவள் கேட்கவேண்டாம் என்கிறாள், நான் கேட்கிறேன். நத்தாருக்கு மறுநாள் நீர் அந்த வீட்டில்தானே நின்றீர்?)

கிளறா

*

வுப்பெற்றால்
17.03.2025

அக்கா,

சுகம் கேட்க எனக்கு முகமில்லை.

கிளறா அக்காவின் கேள்விக்குப் பதில்: நின்றேன்.

மருமகள் வந்து என் பக்கத்தில் படம் கீறத் தொடங்கினாள். அத்தான் மணிக்கூட்டைக் கழற்றி வானொலிக்கு மேல் வைத்ததைக் கண்டேன். கண்டவுடன் எல்லாம் விளங்கிவிட்டது, உங்கள் விலா, கண், முதுகு, நீங்கள் சொன்ன அந்த 'வீடு'. எழும்பிக் குசினி வாசலுக்கு வந்தேன். கதவு ஒரு சாண் திறந்திருந்தது.

பயத்தில் நின்றேன் என்று எழுதினால் நீங்கள் நம்புவீர்கள். பயம் இல்லை. அவர் என்னைவிடக் கட்டை, நான் ஒரு தள்ளுத் தள்ளியிருந்தால் விழுந்திருப்பார். நான் பார்த்துக்கொண்டிருந்தேன், அக்கா. அடிக்கும்போது அவருடைய தோள் முதலில் போகவில்லை, இடுப்புத்தான் முதலில் திரும்பியது. மேடையில் நான் அதைப் பிழையாகச் செய்துகொண்டிருந்தேன். அது தெரிந்ததும் எனக்குள் ஒன்று... சந்தோசம் என்று எழுதவேண்டியிருக்கிறது. வேறு சொல் தேடிப் பார்த்தேன், இல்லை. பிறகு திரும்பிப் போய் மருமகளுக்குப் பென்சில் சீவிக் கொடுத்தேன்.

ஜனவரி நாலாம் தேதி மேடையில் இடுப்பைத் திருப்பினேன். பெர்லின்காரர் வந்திருந்த காட்சி அதுதான்.

என்னை என்ன வேண்டுமானாலும் சொல்லுங்கள்.

சிந்து

*

பலெர்மோ
06.04.2025

சிந்துவுக்கு,

இடக்கையால் எழுதுகிறேன். எழுத்துக் கோணல், கேசிகா பார்த்துச் சிரிக்கிறாள். அவளுடைய தையல் வெட்டியாயிற்று. எனக்கு இரண்டு கம்பி வைத்திருக்கிறார்கள்.

நீ நின்றது எனக்கு அன்றே தெரியும். கதவுக்குக் கீழே உன் சாம்பல் நிறக் காலுறை தெரிந்தது. நீ உள்ளே வருவாய் என்று முதலில் சத்தம் போடாமல் இருந்தேன், உனக்கு அவமானமாயிருக்குமே என்று. பிறகு நீ வருவாய் என்று சத்தம் போட்டேன். எந்த நாளும் நான் சத்தம் போட்டதில்லை. அன்று போட்டேன். காலுறை போய்விட்டது.

அதைப் பற்றி இனி எழுதமாட்டேன். இப்போது எனக்கு வேறு வேலை இருக்கிறது.

அத்தானுடைய வக்கீல், நான் அடிக்கடி படிக்கட்டில் விழுகிறவள் என்று சொல்கிறார். நான் தானே இரண்டு வருசமாக ஊரெல்லாம் அப்படிச் சொன்னேன், எல்லாரும் சாட்சி. அன்று கதவு காற்றில் அடித்ததாம், பிள்ளை ஓடிப்போய்ச் சுவரில் மோதியதாம். கோவில் ஆட்கள் பதினொரு பேர் அவர் நல்ல மனுசன் என்று கையெழுத்து வைத்திருக்கிறார்கள். கோவிலுக்கு வருகிற நிலக்ஷி வந்து, "அக்கா, இரண்டு பேரையும் மாதா படத்துக்கு முன்னாலை நிப்பாட்டிச் சத்தியம் வாங்கித் தீர்ப்பம், வெள்ளைக்காரன்ரை கோட்டிலை எங்கடை மானம் ஏன்?" என்று கேட்டாள். நானும் அப்படி அவரிடம் இரண்டு தரம் சத்தியம் வாங்கியவள்தான்.

அவர் அடித்ததைக் கண்ணால் கண்ட பெரிய ஆள் உலகத்தில் நீ ஒருவன்தான். நிரூபிக்காவிட்டால் தடை நீங்கும். கேசிகாவைக் கிழமைக்கு மூன்று நாள் அவரிடம் விடவேண்டிவரும் என்று என் வக்கீல் சொல்கிறா. அவளைச் சுவரில் எறிந்த ஆளிடம், சிந்து. இனி ஒருநாள் அவள் கடித்தால் என்ன நடக்கும் என்று நான் எழுதத் தேவையில்லை.

விசாரணை மே 14, காலை பத்து மணி. அது உன் பெர்லின் நாள் என்று எனக்குத் தெரியும். அந்த நாளை நான் குறிக்கவில்லை.

வா.

அக்கா

*

வுப்பெற்றால்
29.04.2025

அக்கா,

கை எப்படி? உங்கள் கடிதம் வந்து இரண்டு கிழமை. நாலு முறை எழுதிக் கிழித்தேன்.

என் இடத்துக்கு இங்கே மாற்று ஆள் கிடையாது. நான் போகாவிட்டால் காட்சியை நிறுத்துவார்கள், அல்லது உதவி நெறியாளர் தாளைக் கையில் பிடித்துக்கொண்டு என் வேடத்தை வாசிப்பார். இங்கே அது வழக்கம். இருபது பேருடைய ஒரு வருச உழைப்பு. காறினுக்கும் இதுதான் முதல் பெர்லின். உண்மையைச் சொன்னால் விட்டுவிடுவார்கள்தான். ஆனால் எந்த உண்மையைச் சொல்வது? அந்த இடுப்பை எங்கே படித்தேன் என்றா?

எழுத்தில் வாக்குமூலம் அனுப்பலாமா, காணொளியில் சொல்லலாமா என்று உங்கள் வக்கீலிடம் கேட்டேன். எதிர்த்தரப்பு என்னைக் குறுக்குக் கேள்வி கேட்கவேண்டும், நேரில் வந்தால்தான் பெறுமதி என்றார். முதல் கேள்வி என்னவென்றும் சொன்னார்: "நீர் கண்டது உண்மையென்றால் ஏன் உள்ளே போகவில்லை?"

அதற்கு நான் என்ன சொல்ல, அக்கா?

சிந்து

*

பலெர்மோ
20.05.2025

அன்புள்ள சிந்து,

நாங்கள் சுகம். நீ சாப்பிடுகிறாயா? விசாரணையன்று கோட்டில் கண்டபோது கன்னம் ஒட்டியிருந்தது. அன்றே விமானம் என்று ஓடிவிட்டாய், இரண்டு சொல் கதைக்கக்கூட முடியவில்லை. கிளறா அக்கா கட்டித் தந்த சோற்றுப் பார்சலை வாசலிலேயே விட்டுவிட்டுப் போய்விட்டாய். அதை அவவே தின்றுவிட்டு உன்னைத் திட்டுகிறா.

தீர்மானம் நேற்று வந்தது. அத்தான் எங்களுக்கு ஐந்நூறு மீற்றருக்குள் வரக்கூடாது, காலில் மின்கருவி பூட்டியாயிற்று. பிள்ளையைத் தனியே அவரிடம் விடத் தேவையில்லை. வழக்கு ஐப்பசியில் தொடங்கும். என் வதிவிட அனுமதியையும் அவருடைய பெயரில் இருந்து பிரித்துத் தரலாமாம், விண்ணப்பம் போட்டிருக்கிறோம். கோவிலில் பாதிப்பேர் எனக்கு முகம் தருவதில்லை. இன்னும் பயமாகத்தான் இருக்கிறது. சந்தைக்குப் போகும்போது கேசிகாவின் கையை இறுக்கிப் பிடித்து, "அம்மா, நோகுது" என்று அவள் சொல்லும்வரை எனக்குத் தெரிவதில்லை.

பெர்லினில் யாரோ தாளைக் கையில் வைத்துக்கொண்டு உன் வேடத்தைச் செய்தாராம், நல்லாய்க் கைதட்டினார்களாம் என்று சின்னம்மா சொன்னா. உனக்கும் சொல்லியிருப்பா. அவவுக்கு எதை மறைக்கவேண்டும் என்று ஒருநாளும் தெரியாது.

உன்னை மன்னித்தேனா என்று நீ கேட்கவில்லை. எனக்கே தெரியாததால் கேட்காதது நல்லது.

ஆனால் ஒன்றை எழுதத்தான் இருந்தேன். உனக்கு அந்த நேரம் தலைகால் தெரியாமல் இருந்திருக்கும். நான் உட்கார்ந்திருந்த வாங்கில் இருந்து எல்லாம் வடிவாகத் தெரிந்தது. நீ வருவாய் என்று நான் எண்ணவில்லை. பத்து மணிக்குக் கிளறா அக்கா என் தொடையில் கிள்ளினா, திரும்பினேன், நீ பின்கதவில் நின்றாய். அத்தானும் கண்டார். உன்னைப் பார்த்துத் தலையசைத்துச் சிரித்தார், நத்தாரில் சிரித்தது போலவே.

நீ மெல்லமாகக் கதைத்தாய். எழுநூறு பேருக்குக் கேட்கக் கதைக்கிற ஆள். நீதிபதி இரண்டு தரம் "சத்தமாக" என்றா. பிறகு அத்தானுடைய வக்கீல் எழும்பி அந்தக் கேள்வியைக் கேட்டார். நீ தமிழில் சொன்னாய்: "எப்பிடி அடிக்கிறார் எண்டு பாத்துக்கொண்டு நிண்டனான். மேடையிலை செய்யிறதுக்கு."

மொழிபெயர்ப்பாளர் அருளையா. அவர் எங்கள் கோவிலில் வாசகம் வாசிக்கிறவர், அத்தானோடு சேர்ந்து பாடுகிறவர், அந்தப் பதினொரு கையெழுத்தில் ஒன்று அவருடையது என்றுகூட நினைக்கிறேன். ஆனாலும் அந்த நேரம் உனக்காகத்தான் இரங்கினார். குனிந்து உன் காதுக்குள் சொன்னது எனக்கும் கேட்டது.

"தம்பி, பயத்திலை நிண்டனான் எண்டு சொல்லிவிடட்டோ? ஆருக்கும் விளங்காது. உமக்கும் ஒரு மானம் இருக்கெல்லே."

"வேண்டாம் ஐயா."

"உம்மடை தொழில்..."

"நான் சொன்னதை அப்பிடியே சொல்லுங்கோ."

அவர் சொன்னார். தட்டச்சுச் செய்துகொண்டிருந்த பெண் கையை எடுத்துவிட்டு உன்னைப் பார்த்தாள். நீ தலையைக் குனியவில்லை. பிறகு அவள் அதை ஒரு சொல்லும் விடாமல் தட்டினாள்.

அக்கா
நிரோசினி